நாற்பத்து மூன்று அங்குல லாரி

பாலக்காட்டு எல்லை ஊரான வடகரப்பதியில் பூபதிராஜாவின் முகத்தை அறியாதவர்கள் இருக்கலாம். அவருடைய ஹாரன் சத்தத்தை அறியாதவர்கள் கிடையாது. இருபத்தாறு வருடம் பத்துச் சக்கர லாரி ஓட்டினார். கோயமுத்தூரிலிருந்து கொச்சி, கொச்சியிலிருந்து கோயமுத்தூர். வண்டியில் ஒரு கீறல் இல்லை, பெயரில் ஒரு கேஸ் இல்லை. அதிலும் ரிவர்ஸ் எடுப்பதில் அவரை அடித்துக்கொள்ள ஆளில்லை. தேங்காய் மண்டிச் சந்துக்குள் லாரியைப் பின்பக்கமாக நுழைக்கும்போது இரண்டு பக்கமும் ஒரு சாண் இடம்தான் இருக்கும். கிளீனர் கத்துவதை அவர் காதில் வாங்கவே மாட்டார். இரண்டு கண்ணாடியையும் மாறி மாறிப் பார்ப்பார். வண்டி உள்ளே போய் நிற்கும்.

ஐம்பத்து மூன்றாம் வயதில் முதுகெலும்பில் ஜவ்வு விலகியது. "இனிமேல் லாரியைத் தொடக்கூடாது. காரில் போனால்கூட முன்சீட்டில் உட்காருங்கள்" என்றார் டாக்டர். முதல் வாக்கியத்தைக் கேட்டு இரண்டு நாள் சாப்பிடாமல் கிடந்த பூபதிராஜா, இரண்டாவது வாக்கியத்தை மட்டும் நெஞ்சில் எழுதி வைத்துக்கொண்டார். அன்றிலிருந்து யார் கார் எடுத்தாலும் முன்சீட்டு அவருக்குத்தான். உட்கார்ந்த நிமிடம் முதல் "கியர மாத்து", "பஸ்ஸுக்கு வழி உடு", "இப்ப பிரேக் போடறவனுக்கு யாரு லைசென்ஸ் குடுத்தா?" என்று வழி நெடுகப் பாடம் நடக்கும். பாடம் அதிகமாகக் கேட்டவர் அவருடைய மருமகன் வேல்முருகன். கோயமுத்தூரில் நல்ல வேலையில் இருந்த அந்த மனிதர் மாமனார் வீட்டுக்கு வந்து போகும்போதெல்லாம் ஒரு கிலோ இளைத்தார்.

கடைசியில் வேல்முருகன் ஒரு வழி கண்டுபிடித்தார். தன்னுடைய பழைய லேப்டாப்பில் லாரி ஓட்டும் விளையாட்டு ஒன்றை ஏற்றி, பிளாஸ்டிக் ஸ்டியரிங், பெடல் எல்லாம் சேர்த்துக் கொண்டுவந்து கொடுத்தார். "ஐரோப்பா பூராவும் ஓட்டலாமுங்க மாமா. நீங்களே ஓட்டுங்க" என்றார். 'நீங்களே' என்ற சொல்லைக் கொஞ்சம் அழுத்திச் சொன்னார்.

பூபதிராஜா முதலில் சிரித்தார். ஒரு வாரம் கழித்து, விளையாட்டுக்கு முன்னால் செருப்பைக் கழற்றிவிட்டு உட்கார்ந்தார். இரண்டு வாரம் கழித்து, ஸ்டியரிங்குக்குச் சந்தனம் வைத்தார். மனைவி செல்வலட்சுமி பால் சொசைட்டியில் பால் அளக்கிறவள். காலையில் அவள் கிளம்பும்போது அவர் ஜெர்மனியில் இருப்பார், திரும்பி வரும்போது பிரான்சில் டீக்கடை தேடிக்கொண்டிருப்பார். "நானூறு கிலோமீட்டர் வந்துட்டன் புள்ள, ஒரு டீக்கடை இல்ல. எவனும் ஹாரன் அடிக்கறதில்ல. என்ன நாடோ!"

குறை ஒன்றுதான். லேப்டாப் திரை சின்னது. "இது லாரி இல்ல, மொபெட்டு" என்று சொல்லி, கூடத்து நாற்பத்து மூன்று அங்குல டிவியில் லேப்டாப்பை இணைத்தார். விளையாட்டு டிவியின் நடுவில் ஒரு சட்டத்துக்குள் வந்தது. மேலே பட்டை, சுற்றிலும் மருமகனின் பழைய ஃபைல்கள். லாரிக்குப் பக்கத்திலேயே 'சம்பளப் பட்டியல் புதியது' என்று ஒரு ஃபைல் ஓடாமல் நின்றுகொண்டிருந்தது. ஜன்னலுக்குள் இன்னொரு ஜன்னல் வழியாக ரோட்டைப் பார்க்க அவருக்கு மனம் ஒப்பவில்லை. செட்டிங்கில் தேடி 'முழுத்திரை' என்பதை அழுத்தினார்.

டிவி முழுக்க ரோடு விரிந்தது. பூபதிராஜாவுக்குப் புல்லரித்தது. அப்புறம்தான் பார்த்தார்: மேல் மூலைகளில் இருக்கவேண்டிய இரண்டு பக்கக் கண்ணாடிகளும் பாதிக்கு மேல் காணவில்லை. டிவியின் விளிம்புக்கு வெளியே போய்விட்டன. கீழே வேகம் காட்டும் எண்ணையும் காணோம். முன்னால் போவதில் சிக்கல் இல்லை. சரக்கு இறக்க ரிவர்ஸ் எடுத்ததும் போலந்து நாட்டில் ஒரு குடோன் கேட்டில் மோதினார். மறுபடி எடுத்தார், மறுபடி மோதினார். பதினோராவது தடவை மோதியதும் விளையாட்டு அவருடைய பெயருக்குக் கீழே ஒரு பட்டம் போட்டது: 'பயிற்சி ஓட்டுநர்'.

அன்று ராத்திரி அவர் சாப்பிடவில்லை. "விளையாட்டுத்தானுங்க" என்றாள் செல்வலட்சுமி.

"இருபத்தாறு வருசம் ஓட்டுனவன எவனோ ஒருத்தன் டிரெயினிங்குங்கறான். உனக்கு விளையாட்டு!"

மறுநாள் லேப்டாப்பைத் துண்டில் சுற்றிக்கொண்டு பஸ் ஏறி, கொழிஞ்சாம்பாறையில் கம்ப்யூட்டர் ரிப்பேர் கடை வைத்திருக்கும் ஜிஜியிடம் போனார். ஜிஜி மலையாளி, தமிழ் நன்றாகப் பேசுவாள், பொறுமை மட்டும் குறைவு. லேப்டாப்பைத் திறந்து விளையாட்டை முழுத்திரையில் போட்டாள். இரண்டு கண்ணாடியும் பளிச்சென்று தெரிந்தன.

"இங்க ஒரு குழப்பமும் இல்லல்லோ சேட்டா."

"ஊட்ல இருக்குதே."

ஜிஜி எதையோ திறந்து பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினாள். "மனசிலாயி. டிரைவர் ரொம்பப் பழசு. மாத்தணும்."

பூபதிராஜாவின் முகம் சிவந்தது. "பழசுன்னா? கண்ணு நல்லாத்தான் தெரியுது. முதுகுதான் போச்சு."

"அய்யோ சேட்டா, உங்களச் சொல்லல. கம்ப்யூட்டர்ல படத்த ஓட்டறதுக்கு உள்ள ஒரு சாஃப்ட்வேர் உண்டு. அதுக்குப் பேரு டிரைவர்."

"அவனுக்கு எத்தன வருச சர்வீஸு?"

"ஆறு."

"ஆறு வருசத்துக்குள்ளயா ஒருத்தன மாத்துவீங்க?" என்று கேட்டுவிட்டு, கூட்டாளிக்காகக் கொஞ்சம் வருத்தப்பட்டுவிட்டுத்தான் சம்மதித்தார். புதிய டிரைவரோடு வீட்டுக்கு வந்தார். டிவியில் கண்ணாடி வரவில்லை. மறுபடி பஸ், மறுபடி ஜிஜி. கடையில் நன்றாக ஓடியது. மூன்றாம் முறை போனபோது ஜிஜி, "சேட்டா, இந்த லேப்டாப்புக்கு எங்க கடைதான் பிடிச்சிருக்குன்னு தோணுது" என்றாள்.

செய்தி பரவி, பக்கத்து வீட்டு ரத்தினசாமி வந்தார். கூட்டுறவு வங்கியில் ஓய்வு பெற்றவர். உலகத்தில் அவருக்குத் தெரியாதது ஒன்று உண்டென்றால், தனக்குத் தெரியாது என்பதுதான். டிவியை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தார். ஒயரைப் பிடுங்கி ஊதி மறுபடி மாட்டினார். "இது வைரஸ், பூபதி. மூலையில இருந்துதான் தின்னும். அடியோட அழிச்சுட்டுப் புதுசாப் போடோணும்" என்றார்.

"கண்ணாடிய மட்டும் திங்குமுங்களா?"

"கண்ணாடியிலதான் ஆரம்பிக்கும்."

ஒரு பகல் முழுக்க உட்கார்ந்து ரத்தினசாமி லேப்டாப்பை அடியோடு அழித்தார். அதோடு சேர்ந்து பூபதிராஜா ஓட்டியிருந்த பதினான்காயிரம் கிலோமீட்டரும் அழிந்தது. ஜெர்மனி, பிரான்ஸ், இத்தாலியில் பாதி, எல்லாம் போயிற்று. அழியாமல் திரும்பி வந்தது 'பயிற்சி ஓட்டுநர்' என்ற பட்டம் மட்டும்தான். ஆரம்பத்தில் எல்லோருக்கும் அதுதான் போடுவார்களாம். கண்ணாடியும் வரவில்லை. "அப்ப டிவியவே மாத்தீரு" என்று சொல்லிவிட்டு ரத்தினசாமி காபி குடித்துக் கிளம்பினார்.

கடைசியாக விளையாட்டை உருவாக்கிய கம்பெனிக்கே எழுதுவதென்று பூபதிராஜா முடிவு செய்தார். போனில் தமிழில் பேசி, அதையே இங்கிலீஷாக மாற்றி அனுப்பினார். 'இரண்டு பக்கமும் கண்ணாடி தெரியாத வண்டியை ரோட்டில் விட்டது உங்கள் தவறு. எங்கள் செக்போஸ்டில் இந்த வண்டியை ஒரு அடி நகர விடமாட்டார்கள். இந்த வண்டிக்கு ஃபிட்னஸ் சர்டிபிகேட் கொடுத்த அதிகாரி யார் என்று எழுதவும். இப்படிக்கு, பூபதிராஜா, ஹெவி லைசென்ஸ்.' நான்காம் நாள் பதில் வந்தது. அதைப் போன் தமிழாக்கிக் கொடுத்தது: 'அன்புள்ள ஆட்டக்காரரே, உங்கள் அனுபவம் எங்களுக்கு முக்கியம். முதலில் உங்கள் டிரைவரைப் புதுப்பியுங்கள்.'

பூபதிராஜா லேப்டாப்பை மூடி, அரிசி டிரம்முக்கு மேலே வைத்துவிட்டார். ஸ்டியரிங்கின் மேல் ஒரு துண்டைப் போர்த்தினார். ஒன்றரை மாதம் அதன் பக்கம் திரும்பவில்லை. அந்த நாட்களில் பால் சொசைட்டிக்கு வரும் ஆட்டோக்காரர்கள் பட்ட பாடு கொஞ்சமில்லை. சும்மா நிற்கிற ஆட்டோவில்கூட முன்பக்கம் ஏறி உட்கார்ந்து, நிறுத்தியிருக்கும் விதம் சரியில்லை என்றார்.

அப்போதுதான் பஞ்சாயத்துத் தேர்தல் முடிவு அறிவிக்கும் நாள் வந்தது. செல்வலட்சுமி சொசைட்டிக்கு லீவு போட்டுவிட்டு டிவி முன்னால் உட்கார்ந்துவிட்டாள். எல்லா முடிவும் திரைக்குக் கீழே எழுத்தாக ஓடியது. ஆனால் எழுத்தின் மேல்பாதிதான் தெரிந்தது. எந்த வார்டு என்று ஊகிக்கலாம். எத்தனை ஓட்டு வித்தியாசம் என்பது டிவிக்குக் கீழே சுவரில் ஓடிக்கொண்டிருந்தது. அவளுக்குப் பொறுக்கவில்லை. கேபிள்காரர் சுவக்கீனைப் போனில் பிடித்து, "எழுத்துப் பாதி வரலீங்க. பாதிக்குத்தான் சந்தா வாங்கறீங்களா?" என்றாள். தேர்தல் நாளில் கேபிள்காரர் வராமல் இருக்க முடியுமா? பத்து நிமிடத்தில் வந்துவிட்டார்.

சுவக்கீன் டிவியைப் பார்த்ததும் நாக்கைக் கடித்துக்கொண்டார். "அக்கா, இது நான் வெச்சதுதானுங்க. சீரியல்ல ரெண்டு பக்கமும் கருப்பு வருது, காசு குடுத்து வாங்குன டிவி முழுசாத் தெரியவேண்டாமான்னு நீங்க போன வருசம் சண்டைக்கு வந்தீங்களே? அப்ப ஜூம் பண்ணி வெச்சனுங்க." அவர் ரிமோட்டை வாங்கினார். அது வாங்கிய நாளில் போட்ட பிளாஸ்டிக் உறைக்குள்ளேயே இருந்தது. உறைக்கு மேலாக ஒரு பொத்தானை இரண்டு தடவை அழுத்தினார். படம் லேசாகச் சுருங்கியது. கீழே எழுத்து முழுதாக வந்தது. மேல் மூலையில் இத்தனை நாள் பாதியாக இருந்த சேனல் பெயர் முழுதாக நின்றது.

சுவரோரம் பாயில் முதுகைச் சாய்த்துக் கிடந்த பூபதிராஜா அந்த மூலையைப் பார்த்தார். எழுந்து உட்கார்ந்தார். டாக்டர் பார்த்தால் திட்டும் வேகத்தில் எழுந்தார்.

"சுவக்கீனு, நில்லு. இந்த ஜூமு இந்தச் சேனலுக்கு மட்டுந்தானா, எல்லாத்துக்குமா?"

"எல்லாத்துக்கும் சேத்துத்தானுங்கண்ணா வெச்சன். தனித்தனியா வெச்சா அக்கா மறுபடி கூப்புடுவாங்களேன்னு."

பூபதிராஜா பாயை விட்டு எழுந்தார். அரிசி டிரம்மின் மேலிருந்து லேப்டாப்பை எடுத்தார். தேர்தல் முடிவு பாதியில் நிற்பதைக்கூடக் கவனிக்காமல் ஒயரைச் செருகினார். "ஏனுங்க, ஓட்டு எண்ணறாங்க!" என்று செல்வலட்சுமி கத்தினாள், அவர் காதில் விழவில்லை. விளையாட்டு வந்தது. முழுத்திரையில் போட்டார். மேலே இடது மூலையில் ஒரு கண்ணாடி, வலது மூலையில் ஒரு கண்ணாடி. இரண்டிலும் பின்னால் கிடக்கும் ரோடு தெரிந்தது. கீழே வேகம் 'பூஜ்யம்' காட்டியது.

சுவக்கீனும் செல்வலட்சுமியும் பார்த்துக்கொண்டு நின்றார்கள். அவர் வண்டியை ஒரு குடோன் முன்னால் கொண்டுபோய், கேட்டுக்குக் குறுக்கே நிறுத்தி, ரிவர்ஸ் போட்டார். இடது கண்ணாடி, வலது கண்ணாடி, இடது கண்ணாடி. ஸ்டியரிங்கை ஒரு கையால்தான் திருப்பினார். வண்டி மெதுவாக, நூல் பிடித்தமாதிரி, கேட்டுக்கு இரண்டு பக்கமும் இடம் விட்டு உள்ளே போய் நின்றது. அவர் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். முகத்தைத் துடைப்பதுபோல் ஸ்டியரிங்கின் மேலிருந்து எடுத்த துண்டைக் கண்ணில் ஒற்றினார்.

சுவக்கீன் அதற்குக் கட்டணம் ஏதும் கேட்கவில்லை. ஆனால் அன்று முதல் ஊரில் "பூபதியண்ணனுக்கு ஃபுல் ஸ்கிரீன் நான்தான் வெச்சுக் குடுத்தன்" என்று சொல்லிக்கொண்டார். ரத்தினசாமியும், "நான்தான் சொன்னனே, டிவியிலதான் கோளாறுன்னு" என்று சொல்லிக்கொண்டார். ஜிஜி தன் கடை வாசலில் 'டிவி இணைப்பும் பார்க்கப்படும்' என்று ஒரு வரி புதிதாக எழுதி ஒட்டினாள்.

இப்போது சாயங்காலங்களில் டிவி யாருக்கு என்பதில் கணவன் மனைவிக்குள் ஓர் ஒப்பந்தம் இருக்கிறது. சீரியல் முடிந்ததும் ஐரோப்பா. சில நாள் செல்வலட்சுமி அவரைக்காய் நறுக்கிக்கொண்டே பக்கத்தில் உட்காருகிறாள். அவருடைய முதலாளி, பெண்களை லாரியில் ஏற்றவே கூடாது என்றவர். அதனால் இருபத்தாறு வருடத்தில் ஒரு நாள்கூட அவள் கணவன் ஓட்டிய வண்டியில் உட்கார்ந்ததில்லை. போன வாரம் நார்வேயில் போகும்போது அவள் கேட்டாள்.

"இது எந்த ஊருங்க?"

"பேரு வாயில நுழையல புள்ள. வடக்க போய்ட்டிருக்கறம்."

"இத்தனை பச்சை கெடக்குது, ஒரு மாட்டயும் காணம். பாலு யாரு ஊத்தறாங்க?"

பூபதிராஜா யோசித்தார். வேகத்தை முப்பதுக்குக் குறைத்தார். பின்னால் வந்த நார்வேக்காரர்கள் ஒவ்வொருவராக முந்திப் போனார்கள். அவர் இரண்டு பக்கமும் எட்டி எட்டிப் பார்த்து ஓட்டி, ஒரு வளைவு தாண்டி வண்டியை ஓரங்கட்டினார்.

"அதா பாரு, வேலிக்கு அந்தப் பக்கம். நாலு நிக்குது."

செல்வலட்சுமி கத்தியைக் கீழே வைத்துவிட்டு, டிவிக்குப் பக்கத்தில் போய்க் குனிந்து பார்த்தாள். "மடி நல்லா இருக்குதுங்க" என்றாள்.