மாகுமேடேயின் வசவு

உம்லாசிக் குடியிருப்பில் நோமகுகு குமேடேயை யாரும் பெயர் சொல்லி அழைப்பதில்லை; அப்பன் வழிக் குடும்பப் பெயருக்கு முன்னால் 'மா' சேர்த்து, மாகுமேடே என்றால்தான் மரியாதை. வாரம் முழுக்க ஆஸ்பத்திரித் துணி வெளுப்பாள். ஞாயிற்றுக்கிழமை தேவாலயப் பாடகர் குழுவில் முதல் குரல் அவளுடையது. அந்தக் குரலைக் கர்த்தர் தனக்கென்றே படைத்துக்கொண்டதாக அவள் நம்பினாள். கர்த்தரிடம் யாரும் கேட்டுப் பார்க்கவில்லை.

பக்கத்து வீட்டுத் தோகோசிசிக்கு முப்பத்திரண்டு வயது. என்ன வேலை என்று கேட்டால், கூசாமல் "இசை" என்பான். பின்புறத் தகர அறையில், திரை விரிசல் விட்ட கம்ப்யூட்டரில் கோம் என்கிற, இடி போல் அதிரும் ஆட்டப் பாட்டு செய்வான். சனிக்கிழமை காலை அவள் சோளக் களி கிண்ட உட்காரும்போது அவனுடைய இடி தொடங்கும். அலமாரியில் கோப்பைகள் ஆடும்.

"டேய், நிறுத்துடா! இது பாட்டா, கூரை இடிஞ்சு விழுதா?" என்று அவள் சுவருக்கு மேலாகக் கத்துவாள். அந்த ஆசீர்வாதத்தை அவன் ஒருநாள் பதிவு செய்துகொண்டான்.

இரண்டு வாரம் கழித்து அவள் வேலைக்குப் போகும் டாக்ஸி வேனில் இடி முழங்கியது. நடுவே, "நிறுத்துடா! நிறுத்துடா!" என்று அவள் குரல். வேனே கூடச் சேர்ந்து கத்தியது. ஆஸ்பத்திரி வந்ததும் அவள், "நிறுத்து, இறங்கணும்!" என்று அலறினாள்.

"அப்படிப் போடுங்கம்மா!" என்று டிரைவர் சத்தத்தைக் கூட்டினான். இரண்டு நிறுத்தம் தாண்டித்தான் இறங்க முடிந்தது.

நேரே போலீஸுக்குப் போனாள். "அது உங்க குரல்னு எப்படி நம்புறது? ஒரு தடவை சொல்லிக் காட்டுங்க" என்றார் கான்ஸ்டபிள். சொல்லிக் காட்டினாள். லாக்கப்புக்குள்ளிருந்து யாரோ தாளம் போட்டார்கள். புகார் எழுதப்படவில்லை, மூன்று போலீஸ்காரர்கள் அவளோடு போட்டோ எடுத்துக்கொண்டார்கள்.

சாயங்காலம் தோகோசிசியின் கதவைத் தட்டினாள்.

"அம்மா, உங்க குரல்ல நெருப்பு இருக்கு."

"அன்னைக்கு எனக்குச் சளிடா! சளி பிடிச்ச குரலையா ஊரெல்லாம் போட்டுவிட்ட? பேரு வேற என்னன்னு போட்டிருக்க?"

"'பக்கத்து வீட்டு அத்தை'ன்னு…"

மறுபடி பதிவு செய்யச் சொல்லி, சனிக்கிழமை பாடகர் குழு வெள்ளை அங்கி உடுத்தி வந்து, அதே வசவைச் சங்கீதம் போல இழைத்து இழைத்து ஆறு முறை பாடினாள். அவன் தலையைச் சொறிந்தான். "ரொம்ப அழகா இருக்கும்மா. அதான் சிக்கல்."

அன்றோடு அவள் திட்டுவதை நிறுத்தினாள். அவன் ஸ்பீக்கரை அவள் சுவர்ப் பக்கமே திருப்பி வைத்தான். அவள் களியைக் கிண்டிக்கொண்டே இருந்தாள். புதுப் பாட்டைக் கேட்ட வேன் டிரைவர்கள், "அத்தை எங்கப்பா?" என்று திருப்பிக் கொடுத்தார்கள். மூன்றாம் வாரம் அவள் வாசலில் வந்து நின்றான்.

"ஒரே ஒரு தடவை திட்டுங்கம்மா."

"எதுக்குப்பா? நல்லாத்தானே போடுற. கர்த்தர் உன்னை உயர்த்துவார்" என்று தேன் ஒழுகச் சொல்லிவிட்டுக் கதவைச் சாத்தினாள். இதைவிடக் கொடுமையாக யாரும் அவனைப் பழிவாங்கியதில்லை.

மறுநாள் போனை நீட்டினான். பாட்டின் கீழே அவளுடைய முழுப்பெயர். அவள் கண்ணாடியை மாட்டிக்கொண்டு எழுத்தெழுத்தாகப் படித்தாள். 'நோமகுகு' சரி. அடுத்தது 'குமேடா'.

"அடப் பாவி! எங்க அப்பன் பேரையே கொன்னுட்டியேடா! பள்ளிக்கூடத்துக்குப் போனியா, மாடு மேய்க்கப் போனியா?"

தெரு முழுக்கக் கேட்டது. தெரிந்தே தப்பாக எழுதினானா என்று அவனிடம் யாரும் கேட்கவில்லை. அவன் தலையைக் குனிந்து, பதிவு செய்துகொண்டிருந்த போனைப் பயபக்தியோடு பிடித்துக்கொண்டிருந்தான்.