அழுது கெட்ட கண்

தையல் கம்பெனியில் அவளைக் காஜாக்கா என்பார்கள். சட்டையில் பொத்தான் துளை போட்டுச் சுற்றிலும் நூல் கட்டுவதற்குப் பெயர் காஜா. இருபது வருஷமாக அதுதான் அவள் வேலை. மூன்று மாதமாகத் துளைகள் கோணிக்கொண்டு போயின. ஊசியில் நூல் கோக்கவே முடியவில்லை. காரணம் அவளுக்குத் தெரியும்: அழுகை.

தங்கைகள் கல்யாணம் முடியட்டும், அப்புறம் நாம் என்று பதினோரு வருஷம் சொன்னவன் அங்கேயே கட்டிங் மாஸ்டர். கடைசித் தங்கையையும் கரையேற்றிவிட்டு, வீட்டில் வேறு பெண் பார்த்துவிட்டார்கள் என்று சாவகாசமாகச் சொன்னான். கல்யாண லீவு முடிந்து திங்கட்கிழமை வருகிறான். நல்ல மனுஷன், அவள் மேஜைக்கும் இனிப்பு கொண்டுவந்தாலும் கொண்டுவருவான்.

அவள் யாரிடமும் மூச்சு விடவில்லை. அண்ணன் வீட்டில் ஒண்டியிருப்பவள் அண்ணியிடம் இதைச் சொல்லிவிட முடியுமா? கண் சோதித்த சீட்டை அவன் முகத்துக்கு நேரே நீட்டி, உனக்காக அழுது என் கண் போச்சு பார் என்று ஒரே ஒரு வார்த்தை கேட்க வேண்டும். அது போதும் அவளுக்கு.

கண்ணாடிக் கடையின் உள்ளறையில், பரிசோதிக்கிறவர் கனமான சட்டத்தை அவள் மூக்கில் மாட்டினார். அரை இருட்டு, முன்பின் தெரியாத ஆள். அடைத்து வைத்திருந்ததெல்லாம் கொட்டிவிட்டது. பதினோரு வருஷத்தையும் சொல்லி முடித்தாள்.

"மேல் வரியப் படிங்க," என்று அவர் ஓர் எழுத்து அட்டையை அவள் கையில் கொடுத்தார்.

"சார், நான் சொன்னது..."

"கேட்டுச்சு. அழுதுட்டே இருந்தா அளவு தப்பா வரும். வெளியில ஆறு பேர் இருக்காங்க. கண்ணத் தொடைங்க."

கல்நெஞ்சுக்காரன் என்று மனசுக்குள் திட்டிக்கொண்டே துடைத்தாள். அவர் ஒரு வில்லையை மாட்டியதும் கையிலிருந்த அட்டையின் பொடி எழுத்து பளிச்சென்று தெரிந்தது.

"அழுததாலதானே சார் இப்படி ஆச்சு? அப்படியே எழுதிக் குடுங்க."

"அழுதா கண்ணு செவக்கும். பார்வை போகாதும்மா. இது வெள்ளெழுத்து. வயசானா எல்லாருக்கும் வரும். உங்களுக்கு நாப்பத்தி மூணு, சரியான நேரத்துக்குத்தான் வந்திருக்கு."

அத்தனை அழுததற்கு ஓர் அடையாளம்கூடக் கிடையாதா? கேட்க வைத்திருந்த ஒரே வார்த்தையையும் இந்த ஆள் பிடுங்கிக்கொண்டானே! முப்பத்திரண்டு வயதில் காத்திருக்க உட்கார்ந்தவள், வெள்ளெழுத்து வரும்வரை உட்கார்ந்திருக்கிறாள். அது உறைத்ததும் அழுகை நின்றுவிட்டது.

அவர் சீட்டில் கிறுக்க ஆரம்பித்திருந்தார்.

"சார், அந்த வயச மட்டும் கொஞ்சம் பெரிசா எழுதுங்க," என்றாள். "திங்கக்கெழம ஒருத்தருக்குக் காட்டணும்."