அப்பாவின் இடது பாதம்

இந்த பெர்லினில் வீட்டுக்குக்கூடக் காய்ச்சல் பார்க்கிறார்கள். குளிர் தொடங்கியதும் ஒருவர் வந்து, வெப்பத்தைப் படம்பிடிக்கும் கேமராவைச் சுவருக்கு நேரே நீட்டி, சூடு எந்தச் சந்து வழியாக வெளியே ஓடுகிறது என்று காட்டிவிட்டுப் போவார். நாமக்கல்லில் சூட்டைத் துரத்த மொட்டை மாடியில் தண்ணீர் ஊற்றி வளர்ந்தவள் நான். முதல் தடவை சிரிப்புத்தான் வந்தது. பிறகு அந்தக் கேமராவே என் பிழைப்பாகிவிட்டது. கண்ணுக்குத் தெரியாததைக் கருவிகள் எப்படிப் பார்க்கின்றன என்பதைத்தான் படமாக எடுக்கிறேன். கதை கிடையாது, நடிகர் கிடையாது. ஊரில் யாருக்கும் இதை விளக்க முடிந்ததில்லை.

போன பொங்கலுக்குப் போயிருந்தபோது, லாரிக்கு பாடி கட்டும் பட்டறையில் அப்பா வெல்டிங் வைப்பதை எடுத்தேன். திரையில் சூடானதெல்லாம் மஞ்சள், சில்லென்றிருப்பது நீலம். வேலை முடிந்து, செருப்பைக் கழற்றிப்போட்டு நாற்காலியில் உட்கார்ந்தவரையும் எடுத்து அவரிடமே காட்டினேன்.

"ஏஞ்சாமி, என்னையப் பேயாட்டம் புடிச்சு வெச்சிருக்கற?" என்று சிரித்தார்.

பெர்லினுக்குத் திரும்பிப் படத்தைத் தொகுத்தபோது அவருடைய இடது பாதம் மட்டும் நீலமாக இருந்தது. கேமராக் கோளாறு என்று நினைத்து, வலது பாதத்துக்கு ஒத்துப்போகும்படி மஞ்சளை ஏற்றிவிட்டேன். நிறத்தைச் சரிசெய்வது எங்கள் தொழிலில் கைப்பழக்கம். நாலு மாதம் கழித்து, போன வாரம், திருத்தாத பிரதியைப் பார்த்த என் கூட்டாளி ஆன்யா, "உன் அப்பாவுக்கு ஒரு கால் மட்டும் ஏன் குளிர்ந்திருக்கிறது?" என்று கேட்டாள். எங்கள் ஊரில் யாருக்கும் குளிராது என்று வேடிக்கையாகச் சொன்னேன். அவள் சிரிக்கவில்லை. "அந்தக் காலுக்கு ரத்தம் போகிறதா?" என்றாள்.

உடனே அம்மாவைக் கூப்பிட்டு, அப்பாவின் இரண்டு பாதங்களையும் தொட்டுப் பார்க்கச் சொன்னேன்.

"ஆமா சாமி, எடது காலு சில்லுனு கெடக்குது. நடந்தாக் கெண்டைக்காலு புடிக்குதுங்கறாரு. ரொம்ப நாளாவே இருக்குதாம். உங்கிட்டச் சொல்ல வேண்டாம்னாரு."

வெளிநாட்டில் இருக்கும் உங்களுக்குத் தெரியும், ஊரில் எது நடந்தாலும் நமக்கு வடிகட்டித்தான் சொல்வார்கள். அதற்காக அவர்களோடு எத்தனை சண்டை போட்டிருக்கிறேன்! இந்தத் தடவை கேமரா உள்ளதை உள்ளபடி சொன்னது. பாவி, நானே மஞ்சள் பூசி மறைத்தேன்.

சேலத்தில் ஒரு மருத்துவமனையில் ரத்தக்குழாய் அடைப்பு என்றார்கள். இன்று காலை அடைப்பை நீக்கினார்கள். பாதத்தில் சூடு திரும்பிவிட்டால் கால் பிழைத்தது, திரும்பாவிட்டால் காலை எடுக்க வேண்டியிருக்கும் என்று டாக்டர் சொன்னாராம். கட்டிலருகே நின்ற அம்மாவை அழைத்தேன்.

"தொட்டுப் பாத்தீங்களாம்மா? சூடு வந்துருச்சுங்களா?"

"தெரியல சாமி. பயத்துல என் கையே சில்லுனு கெடக்குது."

"கையை நல்லாத் தேச்சுட்டுத் தொடுங்கம்மா."

அம்மா போனைக் கட்டிலில் வைத்தார். உள்ளங்கைகள் உரசும் சத்தம் கேட்டது. பெர்லினில் நானும் என் கைகளைத் தேய்த்துக்கொண்டிருந்தேன்.