பெயர் எழுதிய கடுதாசியோடு போனவர்

மூன்று தட்டு. விரல் முட்டியால், அவசரமில்லாமல், ஒன்றுக்கும் அடுத்ததற்கும் இடையில் ஒரு மூச்சு விட்டு. பக்கத்து வீட்டுக் கதவை யாராவது அப்படித் தட்டினாலும் எனக்குக் கை வேலை நின்றுவிடுகிறது. அண்ணா வந்திருக்கிறார் என்று எழும்பி, பிறகு இருந்துவிடுகிறேன்.

தட்டியதும் அவர் கதவுக்கு நேரே நிற்கமாட்டார். சுவரோடு ஒதுங்கி நிற்பார். திறந்து பார்த்தால் வெறும் பனிதான் தெரியும்; பிறகு ஒரு தோள், பிறகு அந்தக் கள்ளச் சிரிப்பு. தங்கையின் வீட்டுக்கு வரும்போதும் அப்படித்தான்.

"ஆர் இஞ்சை உங்களைச் சுடப்போயினம், அண்ணை? நான் அகப்பையோட நிக்கிறன்."

"பழக்கம், தங்கச்சி. அகப்பையும் ஆயுதம்தானே."

இருபத்திரண்டு ஆண்டுகள் கூட்டாட்சி அரசின் அதிகாரியாக, தலைமறைவானவர்களைத் தேடிப் பிடிக்கும் பிரிவில் அவர் வேலை செய்தார். இறந்தவருக்கு அச்சிடும் இப்படிப்பட்ட நினைவு மலர்களில் "அரச உத்தியோகத்தர்" என்று எழுதி நகர்ந்துவிடலாம். அண்ணியின் உறவினர் சிலர் அப்படித்தான் எழுதச் சொன்னார்கள். அவர் வாழ்வை அப்படிச் சுருக்க என் கை ஒப்பவில்லை.

அண்ணா வடமராட்சியில் பிறந்தார். அப்பாவுக்குத் தபாற்கந்தோரில் வேலை. ஒரு காலை சைக்கிளில் போன அப்பா, சோதனைச் சாவடிக்கு இந்தப் பக்கம் காணப்பட்டார். அந்தப் பக்கம் காணப்படவில்லை. அவ்வளவுதான். அண்ணாவுக்கு அப்போது பதினேழு வயது. அம்மாவைக் கூட்டிக்கொண்டு இராணுவ முகாம் ஒவ்வொன்றாக அலைந்தார். எல்லா வாசலிலும் ஒரே பதில்: அப்படி ஒருவர் இங்கே இல்லை. அம்மா அந்தப் பதிலைச் சுமந்தபடியே கண்ணை மூடினார்.

பிறகு அண்ணா மொன்றியலுக்கு அகதியாக வந்தார். உணவகத்தில் கோப்பை கழுவினார். கழுவும் இடத்தில் ஓயாமல் கத்திய வானொலியிலிருந்து பிரெஞ்சு பிடித்தார். அதனால் கடைசிவரை வானிலை அறிக்கை வாசிப்பவர் போலவே அந்த மொழியைப் பேசினார். பிறகு என்னையும் அங்கே கூப்பிட்டு எடுத்தார். நீதிமன்றங்களில் எங்கள் ஆட்களுக்கு மொழிபெயர்த்தார். அங்கேதான் முதன்முதலாக ஒரு பிடியாணையைக் கையில் எடுத்துப் பார்த்தார். ஒருவரின் முழுப் பெயர், செய்த குற்றம், நீதிபதியின் கையொப்பம். அதைப் பார்த்துவிட்டு வந்துதான் இந்த வேலைக்கு விண்ணப்பம் போட்டார்.

அண்ணி அழுதார். "ஏனப்பா, இந்த நாட்டில வேற வேலையே இல்லையோ? எங்கட சனம் மூஞ்சையில முழிக்குமோ?"

"பேர் எழுதின கடுதாசியோட கதவைத் தட்டுறவன் வேற, பேர் தெரியாமல் ஆளைக் கொண்டுபோறவன் வேற," என்றார் அண்ணா. "அப்பாவைக் கொண்டுபோனவன் ஒரு துண்டு எழுதித் தந்திருந்தா, அம்மா அந்தத் துண்டைப் பிடிச்சுக்கொண்டு இன்னும் பத்து வருசம் இருந்திருப்பா."



அந்த வேலையின் பழைய கதைகளை அவர் விரும்பிச் சொல்வார். குதிரை மேல் ஒருவர், சட்டைப்பையில் மடித்த ஆணை, முன்னே முடிவில்லாத பனிவெளி. தப்பியவனைப் பிடிக்கக் கிழமைக்கணக்கில் பயணம். பிடித்த பின் இருவருமாக ஒரே நெருப்பில் குளிர் காய்ந்து, ஒரே சட்டியில் சாப்பிட்டுத் திரும்பும் பயணம். பிறகு ரயில் வந்தது, தந்தி வந்தது, கணினி வந்தது. "எல்லாம் மாறிப்போச்சு. பிடிச்ச ஆளைப் பசியோட கொண்டுபோகக் கூடாது எண்டது மட்டும் மாறேல்லை" என்பார். படங்களில் வருவதுபோல ஓட்டமும் துரத்தலும் அவர் வாழ்வில் அரிது. காத்திருப்புத்தான் வேலை. இயந்திரம் அணைத்த காருக்குள், கண்ணாடியில் மூச்சு உறைய உறைய, குடுவையில் ரசத்தோடு, ஒரு வாசலைப் பார்த்துக்கொண்டு இருப்பது. அகப்பட்டவர்கள் கொலைகாரர், பெண்களை அடித்தவர், பிணையில் வந்து ஓடியவர். பெரும்பாலானோர் எங்கள் ஆட்கள் அல்லர். ஆனால் யார் நம்பினார்கள்?

கோயிலில் அவர் பக்கத்து இடம் கடைசியாகத்தான் நிரம்பும். கலியாண வீடுகளில் பகிடி வேறு. "பிடிகாரர் வந்திட்டார், எல்லாரும் கையைத் தூக்குங்கோ!" என்று ஒரு பெரியவர் எப்போதும் கூவுவார். "எங்கட மருமகன் மாமியாரைக் கண்டா ஓடி ஒளிக்கிறார். ஆளை ஒருக்காத் தேடித் தாங்கோவன்."

"மாமியாருக்கு ஒளிக்கிறது குற்றமில்லை, ஐயா. அதுக்குப் பேர் தற்காப்பு," என்பார் அண்ணா. மேசை குலுங்கும். ஆனால் சிரித்து முடிந்ததும் பேச்சு மெல்லக் குறையும். அதை அவர் கவனிக்காதவர்போல வடையைக் கடிப்பார்.

இனி எழுத வேண்டியது எனக்குக் கடினமானது.

எங்கள் ஆட்கள் கல்வெட்டு என்று சொல்லும் இந்த நினைவு மலர்களைப் பல குடும்பங்களுக்கு நான் எழுதிக் கொடுத்திருக்கிறேன். மொன்றியலின் லாசால் பகுதியில் அடுக்குமாடி வீடொன்றில் இருந்த ஓர் அம்மா காலமானபோது, அவருக்கும் நான்தான் எழுதினேன். அவருடைய இளைய மகன் குடித்துவிட்டுக் கார் ஓட்டி ஒரு பெண்ணின் உயிரை எடுத்தவர். சிறைக்குப் போய், தண்டனையின் கடைசிப் பகுதியைக் கண்காணிப்பு விடுதியில் கழிக்க அனுமதி பெற்று வெளியே வந்தவர். தாய் படுக்கையில் விழுந்த செய்தி கேட்டதும் விடுதிக்குத் திரும்பிப் போகவில்லை. தாயின் வீட்டிலேயே மறைந்துகொண்டார். தேடி வந்த பொலிசுக்கு, அவர் இங்கே வரவில்லை என்று வீட்டார் சொல்லிவிட்டார்கள். அன்றிலிருந்து அவர் பெயரிலும் ஒரு பிடியாணை இருந்தது. அது அந்தக் குடும்பத்துக்குத் தெரியும். எனக்குத் தெரியாது. சிறை முடிந்து வந்துவிட்டார் என்றுதான் நினைத்திருந்தேன்.

எங்கள் கல்வெட்டில் ஒரு பிள்ளையை விட்டுவிட்டு எழுத முடியுமா? தாயின் பிள்ளைகள் வரிசையில் ஓர் இடம் வெறுமையாக இருந்தால் ஊர் என்ன சொல்லும்? பொலிசுக்கு மறைத்த பெயரை, செத்த தாயின் புத்தகத்தில் மறைக்க அந்தக் குடும்பத்துக்கு மனம் வரவில்லை. தமிழில் எழுதியதை யார் வாசிக்கப் போகிறார்கள் என்றும் நினைத்திருப்பார்கள். நான் எழுதினேன்: கடைசி ஐந்து மாதங்களும் தாயின் கட்டிலடியில் பாய் விரித்துப் படுத்து, கரண்டியால் கஞ்சி பருக்கிய இளைய மகன். பெயரும் எழுதினேன். எனக்குப் பிடித்த வரி அது. அச்சான பிறகு இரண்டு தடவை வாய்விட்டு வாசித்துப் பார்த்தேன்.

அந்தப் புத்தகம் என் சமையலறை மேசையில் கிடந்தது. அண்ணா தேநீர் குடிக்க வந்தவர், எடுத்து வாசித்தார். ஒரு பக்கத்தைத் திரும்பவும் வாசித்தார். தேநீரைப் பாதியில் வைத்துவிட்டு, "நல்லா எழுதியிருக்கிறாய்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

இரண்டு நாளில் லாசாலில் அந்தக் கதவு தட்டப்பட்டது.

செய்தி கேட்டதும் பியர்பொன்ட்ஸில் இருந்த அவர் வீட்டுக்குப் போனேன். அண்ணா வாசலில் பனி தள்ளிக்கொண்டிருந்தார்.

"என்ர எழுத்தை வைச்சோ பிடிச்சனீங்கள்?"

"ஓம்."

"இல்லையெண்டு ஒரு சொல்லுச் சொல்லேலாதோ?"

"சொல்லலாம். பேந்து நான் சொல்லுற ஒண்டையும் நீ நம்பமாட்டாய்."

"அந்தப் பெடியன் தாயைப் பாக்கத்தானே வந்தவன்!"

"விடுதியில கேட்டிருந்தா ஒரு வழி பாத்திருப்பாங்கள். கேக்கவே இல்லை. கந்தோர்க் கதவைத் தட்ட எங்கட சனத்துக்குப் பயம். தட்டித் தட்டி அம்மாவுக்கு என்ன கிடைச்சது எண்டு எனக்கும் தெரியும்." மண்வாரியை ஊன்றிக்கொண்டு நின்றார். "ஆனா அவன்ர கார் அடிச்சுச் செத்த பிள்ளைக்கும் ஒரு தாய் இருக்கிறா, தங்கச்சி. இடிச்சவன் விடுதிக்குத் திரும்பேல்லை, ஆளைக் காணேல்லை எண்டு அவவுக்கும் கடிதம் போனது. அதை நான் எங்கை வைக்கிறது?"

நான் வந்த வழியே திரும்பி நடந்தேன். பதில் இல்லாத கோபம்தான் நெடுநாள் நிற்கும். ஒன்றரை ஆண்டு நான் அண்ணாவோடு பேசவில்லை. அந்தக் காலத்தில் ஒரு கல்வெட்டும் எழுதவில்லை. ஒரு பெயரை எழுதினால் அதன் பின்னால் ஒரு கதவு தட்டப்படும் என்ற பயம்.

பிறகு கணையத்தில் நோய் என்றார்கள். மாதக்கணக்குத்தான் என்றார்கள். அண்ணாவின் மகள் தொலைபேசியில், பிரெஞ்சும் தமிழும் கலந்து, "மாமி, அப்பா உங்களைக் கேக்கேல்லை. அதுதான் நான் எடுக்கிறன்" என்றாள். அடுத்த பேருந்தில் ஏறினேன்.

கதவைத் திறந்த அண்ணி என் கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. அண்ணா கட்டிலில் கிடந்தபடி, "அகப்பை கொண்டுவரேல்லையோ?" என்றார். எங்கள் சமாதானம் அவ்வளவுதான். அதற்கு மேல் ஒரு சொல்லும் தேவைப்படவில்லை என்று எழுதினால் பொய். தேவைப்பட்டது. அது கொஞ்சம் பிந்தி வந்தது.

அந்த வீட்டில் கிழமைக்கு இரண்டு நாள் மத்தியானம் ஒரு பெண் சாப்பாட்டுப் பெட்டியோடு வருவதைக் கண்டேன். லாசாலிலிருந்து பேருந்து மாறி மாறி வருகிறார். அந்தப் பெடியனின் தமக்கை. நான் சுவரோடு ஒதுங்கி வழிவிட்டேன்.

அவர் என்னைப் பார்த்தே சொன்னார்: "உங்கட அண்ணையை எனக்குப் பிடிக்காது. இப்பவும் பிடிக்காது. சோறு வேற கதை."

"அதென்ன கதை, அக்கா?" என்று கேட்டேன்.

"தம்பியைக் கொண்டுபோகேக்க, சப்பாத்தைப் போடு, குளிர் எண்டு தமிழில சொன்னவர். அம்மாவின்ர படத்தையும் எடுத்து வைக்க விட்டவர். பேந்து எனக்கு ஒரு தாளில எழுதித் தந்தவர், எந்தச் சிறை, எந்த பஸ், எந்த நாள் பாக்கலாம், என்ன கொண்டுபோகலாம் எண்டு. எனக்குப் பிரெஞ்சு வராது. கதைக்க வேண்டிய நேரமெல்லாம் அவர்தான் எனக்காகக் கதைச்சது. ஒன்றரை வருசம்." பெட்டியைத் திறந்தார். "ஆளைக் கொண்டுபோனவர், ஆள் எங்கை எண்டு சொல்லிக்கொண்டே இருந்தவர். அதுக்குத்தான் சோறு."

நான் பேசாமலிருந்த அதே ஒன்றரை ஆண்டு.

உள்ளேயிருந்து அண்ணாவின் குரல்: "போன கிழமை குழம்புக்கு உப்புக் காணாது."

"வருத்தக்காரருக்கு உவ்வளவு உப்புப் போதும்!" என்றார் அக்கா, திரும்பிப் பாராமலே.

அண்ணா நோயில் கிடந்த நாட்களில் முறை வைத்துக் கண்விழித்த அவருடைய சக அதிகாரிகளுக்கும், எங்கள் மொழி தெரியாதபோதும் அவர் நெற்றியில் திருநீறு பூசிவிடப் பழகிக்கொண்ட தாதிக்கும், நாற்பது சென்ரிமீற்றர் பனி கொட்டிய நாளில் இறுதிக் கிரியைக்கு வந்து சேர்ந்த ஒவ்வொருவருக்கும் எங்கள் குடும்பம் தலை வணங்குகிறது. அந்த மண்டபம் வெறுமையாக இருக்கும் என்று அண்ணி பயந்திருந்தார். நிற்க இடமிருக்கவில்லை. கலியாண வீட்டில் கூவிய பெரியவர் அன்று முதல் வரிசையில் அழுதார். லாசாலிலிருந்து சோறு சுமந்த அக்காவுக்கு நன்றி சொல்லும் மொழி என்னிடம் இல்லை.

அண்ணாவோடு நான் கடைசியாகப் பேசியது ஒரு பின்னேரம். அவர் கண்ணை மூடியபடியே, "எனக்கும் ஒரு கல்வெட்டு எழுதுவாய்தானே?" என்று கேட்டார்.

"எழுதுவன்."

"அரச உத்தியோகத்தர் எண்டு போடச் சொல்லுவினம்."

"நீங்கள் பாத்த வேலையைத்தான் போடுவன். லாசால் பெடியன்ர கதையையும் எழுதுவன், அண்ணை. அதை எழுதாமல் உங்களை எழுதேலாது."

அவர் மூச்சு சீரானது. நித்திரை என்று நினைத்து, கோட்டைப் போட்டுக்கொண்டு எழுந்தேன். வாசலடிக்குப் போகும்போது கூப்பிட்டார்.

"தங்கச்சி, அந்தப் பெடியன்ர பேரைப் போடாதை. அவன் குடுக்க வேண்டிய காலத்தைக் குடுத்து முடிச்சிட்டான். அவனை இனி ஒருத்தரும் தேடக்கூடாது."

"போடமாட்டன், அண்ணை."

"சரி. பாத்துப் போ."