எதன் எலும்பு

தேற்றாத்தீவிலிருந்து அந்த அழைப்பு வந்தபோது நான் ஒரு மானின் தாடையில் ஒட்டியிருந்த மண்ணைப் பழைய பல்துலக்கும் பிரஷால் தட்டிக்கொண்டிருந்தேன். பனிச்சங்கேணிப் பக்கம் களப்புக் கரையில் நாங்கள் செய்த சிறிய அகழ்வில் கிடைத்த தாடை அது. அகழ்வில் வருகிற பானை ஓடுகளும் மணிகளும் மற்றவர்கள் கைக்குப் போகும். எலும்பும் பல்லும் என்னிடம் வரும். எந்த மிருகம், என்ன வயது, வெட்டிய காயம் உண்டா, நெருப்பில் சுட்டதா என்று பார்த்து எழுதுவது என் தொழில்.

அழைத்தவர் அந்த அகழ்வில் எங்களோடு மண் வெட்டியவர். எலும்பு தென்பட்டதும் மண்வெட்டியை வைத்துவிட்டு என்னைக் கூப்பிடப் பழகியிருந்தார்.

"மிஸ், எங்கட வளவுக்குள்ள கக்கூசுக்குக் குழி வெட்டினன். எலும்பு வருது. நீளநீளமா வருது."

"எவ்வளவு ஆழத்துல?"

"இடுப்பளவு. பொலிசுக்குச் சொல்ல முதல் நீங்க ஒருக்கா வந்து பாத்தா நல்லம்." குரலைத் தாழ்த்திக்கொண்டார். "பக்கத்து வளவு அக்கா வந்து குந்தியிருக்கா. அவட மனுசன் காணாமப் போனவர். எழும்ப மாட்டன் எண்டுறா."

மனித எலும்பாக இருந்தால் நான் தொடமாட்டேன், வேலையை அப்படியே நிறுத்திப் பொலிசுக்குச் சொல்லத்தான் வேண்டும் என்றேன். "ஓம் மிஸ், அதுக்குத்தான் நீங்க வரவேணும்" என்றார்.

உடனே பஸ் ஏறினேன். இருபது வருடமாக எலும்பு பார்க்கிறேன். அவை எல்லாம் ஆயிரம், இரண்டாயிரம் வருடத்துக்கு முந்தியவை. யாரும் அவற்றுக்காகக் காத்திருந்ததில்லை.

குழியின் ஓரத்தில், அள்ளிப்போட்ட மணலுக்குப் பக்கத்தில் அந்த அக்கா குந்தியிருந்தா. ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும். சீலைத் தலைப்பால் வாயைப் பொத்தியிருந்தா. அழவில்லை. அவவுக்கு முன்னால் ஓர் உரப்பையை விரித்து, அதுவரை வந்த எலும்புகளை வைத்திருந்தார்கள்.

அவர்கள் பயந்ததில் பிழையில்லை. எலும்புகள் நேராகவும் மெலிதாகவும் கிடந்தன. இரண்டு நுனியிலும் மூட்டுக் குமிழ் இல்லை. விலா எலும்புகளும் இருந்தன. பார்த்துப் பழகாத கண்ணுக்கு அது ஓர் ஆள்தான்.

நான் முழந்தாளிட்டு ஒவ்வொன்றாகப் பார்த்தேன். மூன்றாவதாகப் பார்த்ததில் எனக்கு மூச்சு வந்தது. காலின் கீழ்ப்பகுதி எலும்பு அது. முன்பக்கம் நடுவில் மேலிருந்து கீழ்வரை கோடு கிழித்தது போல ஒரு பள்ளம். இரண்டு எலும்புகள் ஒன்றாய்ச் சேர்ந்த தடம். பிளந்த குளம்புள்ள மிருகத்துக்குத்தான் அது இருக்கும்.

"அக்கா, இது மனிசன் இல்ல" என்றேன்.

அவ என் முகத்தைப் பார்க்கவில்லை. எலும்பையே பார்த்துக்கொண்டிருந்தா.

"நிச்சயமா?"

"நிச்சயம். மாடு. கண்டுக்குட்டி. வளருற வயசு, அதுதான் நுனியெல்லாம் கழண்டுபோய்க் கிடக்கு."

சந்தோசப்படுவா என்று நினைத்தேன். அவ சீலைத் தலைப்பை வாயிலிருந்து எடுத்தா. அப்போதுதான் அழத் தொடங்கினா. என்னைக் கூப்பிட்டிருந்த அந்த வீட்டுக்காரர் என்னைப் பார்த்தார், நான் அவரைப் பார்த்தேன். இத்தனை வருடம் கழித்து, இல்லை என்ற பதிலும் ஓர் இழப்புத்தான் என்பது எனக்கு மெல்லத்தான் விளங்கியது.

மீதியையும் பார்த்துவிடலாம் என்று நானே குழிக்குள் இறங்கினேன். அகழ்வில் செய்வது போலச் சின்னக் கரண்டியால் மணலை எடுத்தேன். கன்று வலப்பக்கம் சாய்ந்து, கால்களை மடித்துக் கிடந்தது. மண்ணுக்குள் மீதியாய் இருந்ததில் ஓர் எலும்பும் இடம் மாறவில்லை. வெட்டுக் காயம் ஒன்றும் இல்லை. கழுத்தெலும்புகளைச் சுற்றி நீல நைலோன் கயிறு, சாயம் கூடப் போகாமல் இருந்தது.

தாடையை எடுத்துப் பல்லைப் பார்த்தேன். முன்னால் பால்பற்கள். அவற்றுக்குப் பின்னால் முதல் கடைவாய்ப்பல் வெளியே வந்திருந்தது. அடுத்தது இன்னும் எலும்புக்குள்ளேயே ஒளிந்திருந்தது.

"ஆறு மாசத்துக்கு மேல. ஒண்டரை வயசாகல்ல" என்று மேலே பார்த்துச் சொன்னேன். "ஆரும் அறுத்துச் சாப்பிடல்ல. செத்த பிறகு குழி வெட்டிப் பக்குவமாக் கிடத்தித் தாட்டிருக்காங்க."

"கயிறு என்ன நிறம்?" என்று அக்கா கேட்டா.

கயிற்றின் நுனியைத் தூக்கிக் காட்டினேன். அவ குழிக்குள் குனிந்து அதைப் பார்த்தா.

"எட்டு மாசம்" என்றா பிறகு. "தையில பிறந்த நாகுக் கண்டு. புரட்டாதியில வயிறு ஊதிச் செத்த. அப்ப இந்த வளவு வெறும் பத்தைக்காடு. இஞ்சாலதான் எங்கயோ இழுத்துவந்து தாட்டவர். நான் வந்து பாக்கல்ல."

"ஆரு தாட்ட?" என்று வீட்டுக்காரர் கேட்டார்.

"என்ட மனுசன்தான். புதுக் கயித்தையும் சேத்துத் தாட்டுப்போட்டு வந்து நிக்காரெண்டு ரெண்டு நாளா ஏசினன். அடுத்த மாசம் டவுனுக்குப் போனவர். வரல்ல." கண்ணைத் துடைத்துக்கொண்டா. "எங்க குழி வெட்டினாலும் நான் போய்ப் பாக்கிற. இத மறந்தே போனன்."

இந்த இடத்தில் நான் நினைத்த ஒன்றையும் சொல்ல வேண்டும். சொல்ல வெட்கம்தான். என் தொழிலில், பிறந்த மாதமும் செத்த மாதமும் தெரிந்த ஒரு கன்றின் முழு எலும்புக்கூடு பெரிய பொக்கிசம். பழைய பற்களின் வயதை அதை வைத்துச் சரிபார்க்கலாம். அப்படி ஒன்றை நான் வருடக்கணக்காகத் தேடிக்கொண்டிருந்தேன். அவ அழுதுகொண்டிருக்கும்போதே என் மனம் அந்தத் தாடையை எங்கள் ஆய்வுகூடத்துப் பெட்டியில் வைத்துப் பார்த்துவிட்டது.

நான் வாய் திறக்கவில்லை. ஆனால் வீட்டுக்காரர் என்னோடு வேலை செய்தவர் அல்லவா, என் முகத்தைப் படித்துவிட்டார். "மிஸ், இது உங்களுக்குத் தேவைப்படுமே. எடுத்துக்கொண்டு போறீங்களா?"

நான் பதில் சொல்லுமுன் அக்கா சொன்னா: "வேணாம். அவர் வச்சது. கிடக்கட்டும்."

"ஓம் அக்கா, அதுதான் சரி" என்றேன். அதைச் சொல்வதற்கு எனக்கு ஒரு கணம் தேவைப்பட்டது.

வெளியே எடுத்தவற்றை இருந்த இடத்திலேயே திரும்ப வைத்தோம். கயிற்றை வேண்டுமென்றால் எடுத்துக்கொள்ளுங்கள் என்று சொல்லிப் பார்த்தேன். "அத வச்சு நான் என்ன செய்யிற?" என்றா. மணலை மூடியபின் வீட்டுக்காரர் வேலியோரமாகப் பத்தடி தள்ளிப் புதுக் குழிக்கு அடையாளம் போட்டார். அவருடைய மனைவி எல்லோருக்கும் தேத்தண்ணி கொண்டுவந்தா. எழும்பும்போது அக்கா என்னிடம் கேட்டா:

"மிஸ், மனிச எலும்பு எப்பிடி இருக்கும் எண்டு எனக்குக் காட்டித் தருவீங்களா? ஒவ்வொரு தரமும் இப்பிடி வந்து குந்தியிருக்க ஏலாது."

இரண்டு கிழமை கழித்து, ஒரு செவ்வாய்க்கிழமை காலை, அவ தனியே பஸ் ஏறி ஆய்வுகூடத்துக்கு வந்தா. மாணவர்களுக்குப் பாடம் நடத்த வைத்திருக்கும் பிளாஸ்ரிக் எலும்புக்கூடு ஒன்று எங்களிடம் உண்டு. அதையும் ஒரு மாட்டின் எலும்புகளையும் மேசையில் பக்கத்தில் பக்கத்தில் பரப்பினேன். கழுத்தடியிலிருந்து தோள்வரை குறுக்காகக் கிடக்கும் காறையெலும்பைக் காட்டி, மாட்டுக்கு இது இல்லை என்றேன். அவ தன் கழுத்துக்குக் கீழே விரலை வைத்து அதைத் தடவிப் பார்த்தா. பற்களைக் காட்டினேன். மாட்டின் பல்லில் பிறை பிறையாக ஓடும் கோடுகளையும் மனிதப் பல்லின் மழுங்கிய மேடுகளையும் ஒப்பிட்டுப் பார்த்து, "இது லேசு" என்றா. சொல்லிக் கொடுக்கும்போது என் மாணவர்கள் கேட்காத கேள்விகளைக் கேட்டா. கடல் மணலில் எலும்பு எவ்வளவு காலம் கிடக்கும், ஈர மண்ணில் பல் கரையுமா என்று. தெரிந்ததைச் சொன்னேன். தெரியாததைத் தெரியாது என்றேன். கண்டெடுத்தால் தொடாமல், தோண்டாமல் பொலிசுக்குச் சொல்ல வேண்டும் என்பதை இரண்டு தடவை சொன்னேன். தலையாட்டினா.

கடைசியாகப் பிளாஸ்ரிக் எலும்புக்கூட்டின் தொடையெலும்பைக் கையில் எடுத்தா. இதன் நீளத்தை அளந்தால் ஆளின் உயரத்தைக் கணக்கிடலாம் என்று சொல்லியிருந்தேன். அவ எழும்பி நின்று, சீலைக்கு மேலே தன் தொடையோடு அதைச் சேர்த்துப் பிடித்துப் பார்த்தா. பிறகு எலும்பின் நுனிக்குக் கீழே வெறும் இடத்தில் இரண்டு விரலை வைத்து அளந்தா.

"அவருக்கு இதவிட இவ்வளவு கூட இருக்கும்" என்றா. "நல்ல உயரம்."