ஐம்பத்து நான்கு உயிரிலைகள்

தாளை வெட்டி, ஒட்டி, தைத்துப் பிழைப்பவர்களிடம் எழுத்தைப் பற்றி யாரும் யோசனை கேட்பதில்லை. கேட்டுவிட்டால் நமக்கும் வாய் வராது. என்னைப்போல் பைண்டிங் மேஜையில் முதுகு வளைந்தவர்களுக்கு இது புரியும்.

இல்லாத நாடு

செகந்திராபாத் திருமுல்கேரியில் ஓர் அச்சகத்தில் முப்பத்தோரு வருடம் பைண்டிங் வேலை பார்த்து நின்றுவிட்ட பிறகு, நகரின் மறுகோடியான கச்சிபௌலியில் கம்ப்யூட்டர் விளையாட்டு தயாரிக்கும் ஒரு கம்பெனி என்னை மூன்று மாதத்துக்கு எடுத்துக்கொண்டது. நான் எட்டாவது வரை படித்தவன். செல்போன் எல்லார் கையிலும் வராத காலம் அது.

அவர்கள் விளையாட்டில் கற்பனையாக ஒரு நாடு. அங்கே மக்கள் உயிரிலை என்ற ஒன்றில் எழுதுவார்கள். எழுதியவர் உயிரோடு இருக்கும்வரை எழுத்தும் இருக்கும். அவர் இறந்ததும் எழுத்து மறைந்து இலை வெறுமையாகிவிடும். அதை நான் கையால் செய்துகொடுக்க வேண்டும். அவர்கள் படமெடுத்து விளையாட்டுக்குள் வைப்பார்கள். என்ன நிறம், எவ்வளவு கனம் என்று கேட்டேன். குழுத்தலைவி நிர்மலா, மதுரைப் பெண், சிரிக்காமல் சொன்னாள்: "எங்களுக்கே தெரியாதுங்கய்யா. நீங்க செஞ்சு காட்டுனாத்தான் தெரியும்."

பதினோரு மணித் தேநீர்

எங்களுக்குத் தேநீர் கொடுப்பவர் யாஸ்மின். கணவர் வளைகுடாவில் கட்டட வேலை. மாதம் ஒரு கடிதம் போட்டுக்கொண்டிருந்தவர், ஏழு மாதமாகப் போடவில்லை. இவர் வாடகை வீடு மாறியதால், கம்பெனி விலாசத்தைக் கணவருக்கு எழுதியிருந்தார். அதனால் தினமும் பதினோரு மணிக்கு என் மேஜையில் கோப்பையை வைத்துவிட்டு, கீழே வாசல் காவலரிடம் போய்த் தபால் வந்ததா என்று கேட்பார். நான்கு மாடி. திரும்பி வரும்போது நான் குடித்து முடித்திருப்பேன்.

கேட்கலாமா கூடாதா என்று எனக்குக் கூச்சம். என்னைச் சித்தப்பா முறையில் சாச்சா என்று கூப்பிடும் அவரே சொல்லிவிடுவார்: "இன்னைக்கும் இல்ல சாச்சா. சர்க்கரை சரியா இருந்துச்சா?"

முதல் பதினெட்டு

இரண்டு மெல்லிய தாள்களுக்கு நடுவே வாழைநாரை விரித்து, கஞ்சிப் பசையால் ஒட்டி, பிரஸ்ஸில் இறுக்கி, காய்ந்தபின் சங்கால் தேய்த்தேன். பதினெட்டு இலை. எட்டு அங்குலத்துக்கு ஐந்து. ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கினால் ஓரத்தில் நகம்கூடத் தட்டாது.

விளையாட்டை வாங்கவிருந்த வெளிநாட்டுக்காரர்கள் அவ்வளவையும் வேண்டாம் என்றுவிட்டார்கள். இன்னொரு முறைதான் பார்ப்பார்களாம். என்ன குறை என்று கேட்டேன். நிர்மலா அவர்களுடைய கடிதத்தை மறுபடி படித்துப் பார்த்துவிட்டுச் சொன்னாள்: "குறையே இல்லையாம். யாருமே வச்சிருந்த மாதிரி இல்லையாம்."

கேள்விச் சீட்டு

கூட்டத்தில் பேச வராது. அதனால் பதினோரு கேள்விகளைச் சீட்டில் எழுதிக்கொண்டு போனேன். எழுதியவர் செத்தால் நிலப் பத்திரம் என்ன ஆகும்? கணக்கப்பிள்ளை சாகக் கிடந்தால் பேரேட்டை யார் பிரதி எடுப்பது? பதினோராவது: வெளியூர் போனவர் எழுதிய இலையை வீட்டில் எங்கே வைப்பார்கள்?

பாதியிலேயே மற்றவர்கள் கடிகாரத்தைப் பார்க்க ஆரம்பித்தார்கள். தட்டோடு நின்ற யாஸ்மின் மட்டும் நான் படித்து முடிக்கும்வரை நகரவில்லை. படம் வரையும் ஸ்ரீகாந்த், தலைமுறைகளாகச் செகந்திராபாத்தில் இருக்கும் தமிழ் வீட்டுப் பையன், என் தோளைத் தட்டினான்: "ஆடுற பசங்க பட்டாவா பாக்கப் போறாங்க? நக்கோ அங்கிள். கைக்கு இவ்ளோ டென்ஷன்?" வேண்டாம், எதுக்கு என்பதை அந்த ஊர் உருதுவில் நக்கோ, கைக்கு என்பார்கள்.

பதினோராவது கேள்வி

மறுநாள் தேநீரோடு வந்த யாஸ்மின் வாசலுக்குப் போகவில்லை. அந்த இலை அப்படித்தானா, ஆள் இருந்தால் எழுத்தும் இருக்குமா என்று கேட்டார். விளையாட்டில் மட்டும்தான் என்றேன். தெரியும் என்று தலையாட்டினார்.

கழித்துவிட்ட இலை ஒன்றைக் கொடுத்து, உங்களிடம் இருந்தால் எப்படி எடுத்துப் பார்ப்பீர்கள் என்று கேட்டேன். இரண்டாக மடித்தார். பிறகு முழுவதும் விரிக்கவில்லை. வலது கீழ் மூலையில் கட்டைவிரலை வைத்து, உள்ளே ஒரு வரி தெரியும் அளவுக்கு மட்டும் தூக்கிப் பார்த்து, உடனே மூடினார். எங்கே வைப்பீர்கள் என்றேன்.

"தலகாணிக்கு அடியில. கண்ணு முழிச்சதும் எழுத்து இருக்கான்னு பாக்கணும். இருந்தா அடுப்பு பத்த வைக்கலாம்."

பெட்டி

அடுத்து முப்பத்தாறு இலை செய்தேன். எல்லாவற்றையும் மடித்தேன், தலையணைக்கு அடியில் வைத்து நசுக்கினேன், வலது கீழ் மூலையை மட்டும் விரலால் தேய்த்து மங்க வைத்தேன். தேய்த்துத் தேய்த்து என் கட்டைவிரலில் தோல் உரிந்தது. வெளிநாட்டுக்காரர்கள் ஒரே நாளில் ஒத்துக்கொண்டார்கள். கழித்ததையும் சேர்த்து அவ்வளவையும் அனுப்பச் சொன்னார்கள்.

பெட்டியில் அடுக்கும்போது எண்ணினேன். ஐம்பத்து நான்கு இருக்க வேண்டும். ஐம்பத்து மூன்று இருந்தது. மூன்று முறை எண்ணினேன். மேஜைக்குக் கீழே குனிந்து தேடிக்கொண்டிருந்தபோது யாஸ்மின் வந்து நின்றார். அது அவருக்குத் தபால் வராத ஒன்பதாவது மாதம்.

"தேடாதீங்க சாச்சா, நான்தான் எடுத்தேன். அதுல ஒண்ணும் எழுதல. அவரு வந்து எழுதட்டும்."

பெட்டியோடு போகும் சீட்டில் ஐம்பத்து மூன்று என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன். பெட்டிக்குள் இருந்தது அவ்வளவுதான் என்பதால், அதைப் பொய்க் கணக்கு என்று எந்த நாட்டுக்காரரும் சொல்ல முடியாது.