தேசவிரோதி: ஓர் எடுத்துக்காட்டு வாக்கியம்

அந்த ஐந்து மாடிக் குடியிருப்பில் அவளை எல்லோரும் ‘அகராதியம்மா’ என்றுதான் சொல்வார்கள். அகராதி பிடித்தவள் என்று கேலி செய்வதற்காக இல்லை. அப்படிச் சொல்ல வேண்டுமென்றால் அவள் யாரிடமாவது நாலு வார்த்தை எதிர்த்துப் பேசியிருக்க வேண்டும். அவள் வாயைத் திறப்பதே அபூர்வம். அகராதி தயாரிக்கும் அரசு அலுவலகம் ஒன்றில் இருபத்திரண்டு வருடமாக வேலை பார்க்கிறாள், அவ்வளவுதான் விஷயம்.

வேலை என்னவென்றால், காலையில் அவள் மேஜையில் ஆறு நாளிதழ்கள் வந்து விழும். அவற்றில் புதிதாக வந்திருக்கும் சொல்லையோ, பழைய சொல்லைப் புது மாதிரியாகப் பயன்படுத்தியிருக்கும் இடத்தையோ கண்டுபிடிக்க வேண்டும். அந்த வாக்கியத்தைக் கத்தரித்து, உள்ளங்கையளவு அட்டைச் சீட்டில் ஒட்டி, மேலே சொல், கீழே பத்திரிகையின் பெயரும் தேதியும், ஓரத்தில் தன் கையெழுத்து. வலது மூலையில் சிவப்புப் பென்சிலால் ஓர் எண். அந்தச் சொல்லின் எத்தனையாவது அர்த்தத்தில் அது வந்திருக்கிறது என்பதற்கான எண். ஒரு நாளைக்கு நாற்பது சீட்டு.

வேலைக்குச் சேர்ந்த அன்றே சொல்லிக் கொடுத்துவிடுவார்கள்: செய்தியைப் படிக்காதே, சொல்லைப் படி. செய்தியில் மனசு போனால் பத்துச் சீட்டுகூடத் தேறாது. அவள் இதை ஒரே வருடத்தில் கற்றுக்கொண்டாள். கற்றுக்கொண்ட லட்சணம் எப்படியென்றால், ஒருமுறை பாலம் இடிந்த செய்தியிலிருந்து மூன்று சொற்களை வெட்டி எடுத்துவிட்டு, மறுநாள் காலை அதே பாலத்தின் வழியாகப் போகும் பேருந்துக்காக ஒரு மணி நேரம் நின்றாள். அலுவலகமே விழுந்து விழுந்து சிரித்தது. அவளும் சிரித்தாள். உள்ளுக்குள் கொஞ்சம் பெருமைகூட இருந்தது என்றுதான் நான் சொல்வேன். புதிதாகச் சேர்பவர்களுக்கு அந்தக் கதையைத்தான் அவள் முதலில் சொல்வாள்.

அவள் சேர்ந்த காலத்தில் ‘தேசவிரோதி’ என்ற சொல்லுக்கு மெல்லிய உறை ஒன்று இருந்தது. உள்ளே நாலே நாலு சீட்டு. ராணுவ வரைபடத்தை விற்றவன், உளவு சொன்னவன், இப்படி. யாரும் அதைத் தொடக்கூட மாட்டார்கள். பத்து வருடத்துக்கு முன்பு அந்த உறை பெருக்க ஆரம்பித்தது. உறை பெட்டியானது, பெட்டி இழுப்பறையானது. சாலையில் பள்ளம் இருக்கிறது என்று எழுதியவர் தேசவிரோதி. பந்தைக் கோட்டைவிட்ட ஆட்டக்காரர் தேசவிரோதி. வெளிநாட்டில் வீடு வாங்கிய நடிகை, வரியைக் குறை என்று கடையை மூடிய வியாபாரிகள், போரே வேண்டாம் என்ற சாமியார், எல்லோரும் தேசவிரோதிகள். ஒரு பத்திரிகை இன்னொரு பத்திரிகையைச் சொன்னது. அது திருப்பி இதைச் சொன்னது. இரண்டையும் வெட்டி ஒரே இழுப்பறையில் போட்டாள்.

தெருவிலும் கேட்கும். பாதி ஆட்டத்தில் வீட்டுக்கு ஓடும் சிறுமியைப் பார்த்து மற்ற பிள்ளைகள் அப்படிக் கத்தும். மூன்றாவது மாடியில் நின்றுவிடும் லிஃப்டைக் காவலாளி அப்படித்தான் திட்டுவார். ஆனால் அச்சில் வந்தால்தான் சீட்டு. லிஃப்டுக்குச் சீட்டு போட முடியாதே என்று அவளுக்கு ஒரு சின்ன வருத்தம் உண்டு.

இந்த நிலையில்தான் அவள் தம்பியை அந்தச் சொல் வந்து பிடித்தது.

தம்பி கணக்கு வாத்தியார். தண்ணீர்த் தொட்டிக்கு எதிரே இருக்கும் உயர்நிலைப் பள்ளியில் பதினாறு வருடம். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அக்காவின் கணவர் போய்ச் சேர்ந்து ஒன்பது வருடம் ஆகிறது. ஆக அக்காவுக்குத் தம்பி, தம்பிக்கு அக்கா. எட்டாம் வகுப்புப் பரீட்சைத்தாளில் அவன் ஒரு கேள்வி வைத்தான்: ‘வெள்ளத்தில் இறந்தவர்கள் நாற்பது பேர் என்று அரசு சொன்னது. நானூறு பேர் என்று ஒரு பத்திரிகை சொன்னது. இரண்டுக்கும் உள்ள விகிதம் என்ன?’ ஒன்றுக்குப் பத்து. பிள்ளைகள் எல்லோரும் சரியாகவே எழுதினார்கள். ஒரு மாணவனின் அப்பா மட்டும் அந்தத் தாளைப் படம் பிடித்து நாலு பேருக்கு அனுப்பி, பத்திரிகைக்கும் ஒரு கடிதம் எழுதினார். கடிதம் வியாழக்கிழமை அச்சில் வந்தது. தம்பிக்கு அது தெரியாது. சனிக்கிழமை மேலிடத்து உத்தரவைக் கையில் கொடுத்துத்தான் சொன்னார்கள்.

அவன் ஓர் அட்டைப்பெட்டியோடு அக்கா வீட்டுக்கு வந்து நின்றான். பெட்டியில் மரக் கோணமானியும் பாதிச் சாக்கட்டிகளும் இருந்தன.

“என்னடா?”

“சஸ்பெண்ட் பண்ணிட்டாங்க. விசாரணை முடியற வரைக்கும்.”

“எதுக்கு?”

“தேசவிரோதியாம்.”

“சாப்பிட்டியா?” என்றாள்.

தனக்கு அழுகை வரும் என்று அவள் எதிர்பார்த்தாள். அன்று வரவில்லை, மறுநாளும் வரவில்லை. பல் பிடுங்குவதற்கு முன் ஊசி போட்ட தாடை மாதிரி இருந்தது. தொட்டால் தன்னுடையது என்று தெரிகிறது, வலிக்கவில்லை. அவன் முன்னறையில் படுத்துக்கொண்டு விட்டத்தைப் பார்ப்பான். அவள் சமைத்து வைத்துவிட்டு ஆபீஸ் போவாள். திரும்பி வந்தால் அதே இடத்தில் கிடப்பான். இப்படி நாலு மாதம் ஓடியது.

ஒருநாள் அவனாகக் கேட்டான். “உங்க புத்தகத்துல இதுக்கு என்ன அர்த்தம் போட்டிருக்கீங்க?”

“இன்னும் அச்சுல போடல. பழைய பதிப்புல இந்த வார்த்தையே கிடையாது. இப்பத்தான் சேர்க்கப் போறாங்க.”

“அடப்பாவமே, அகராதியிலயே இல்லாத வார்த்தையாலதான் என்னை வெளிய அனுப்பியிருக்காங்களா!”

நாலு மாதத்தில் அவன் சிரித்தது அன்றுதான். சிரித்து முடித்ததும் முகம் பழையபடி ஆகிவிட்டது. “ஹெட்மாஸ்டர் என்ன சொன்னார் தெரியுமா? ‘பேப்பர்ல வந்த அன்னைக்கே ஓடி வந்து சொல்லியிருந்தா கேள்வித்தாளைத் திரும்ப வாங்கி, உன்னை லீவுல அனுப்பி, எப்படியாவது அமுக்கியிருப்பேன்யா. ரெண்டு நாள் சும்மா இருந்துட்டியே’ங்கிறார். அந்தப் பேப்பரை யாருக்கா படிக்கிறா?”

“அதானே” என்றாள் அவள். அவள் மேஜைக்கு வரும் ஆறில் அதுவும் ஒன்று. அது அந்த நேரத்தில் அவளுக்கு உறைக்கவே இல்லை.

மறு வாரம் புதிய பதிப்பு வேலையில் அந்தச் சொல்லின் முறை வந்தது. இழுப்பறையை அப்படியே மேஜையில் கவிழ்த்தாள். ஆயிரத்து இருநூறு சீட்டுக்கு மேல் இருக்கும். மூலையில் உள்ள சிவப்பு எண்ணைப் பார்த்து மூன்று அடுக்காகப் பிரித்தாள். ஒன்று: தன் நாட்டுக்கு வேண்டுமென்றே கேடு செய்பவர். இரண்டு: அரசை எதிர்ப்பவர். மூன்று: சும்மா வசை, சொல்பவருக்குப் பிடிக்காத யாரும். மூன்றாவது அடுக்குதான் மேஜையை விட்டுச் சரியும் அளவுக்கு உயர்ந்தது.

முதல் அடுக்கில் ஒரு சீட்டைத் திருப்பினாள். ‘தண்ணீர்த் தொட்டி எதிரில் உள்ள பள்ளியின் எட்டாம் வகுப்புக் கணக்கு வாத்தியார் ஒரு தேசவிரோதி என்பதில் எங்களுக்குச் சந்தேகமே இல்லை.’ கீழே தேதி. அந்த வியாழக்கிழமை. ஓரத்தில் அவளுடைய கையெழுத்து. மூலையில் சிவப்புப் பென்சிலால் ‘1’.

அவளே வெட்டியிருக்கிறாள். அவளே ஒட்டியிருக்கிறாள். எழுதியவர் விளையாட்டுக்குச் சொல்லவில்லை, சந்தேகமே இல்லை என்கிறார், ஆகவே முதல் அர்த்தம் என்று முடிவு கட்டி எண்ணும் போட்டிருக்கிறாள். கோணல்மாணல் இல்லாத கத்தரிப்பு. வியாழக்கிழமை காலை பத்து, பத்தரை மணி இருக்கும். தம்பி அந்த நேரத்தில் பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்திக்கொண்டிருந்திருப்பான். ஒரு போன் போட்டிருந்தால் போதும்.

சீட்டைக் கிழித்துப் பையில் போட்டுக்கொள்ளலாமா என்று யோசித்தாள். யோசித்ததோடு சரி. அதை அடுக்கில் இருந்த இடத்திலேயே வைத்துவிட்டு, மூன்று கட்டையும் ரப்பர் வளையம் போட்டுத் தலைமைப் பதிப்பாசிரியரின் அறையில் கொண்டுபோய் வைத்தாள்.

பதிப்பாசிரியர் நல்ல மனிதர். அதையும் சொல்லிவிட வேண்டும். அடுத்த வருடம் ஓய்வு பெறப் போகிறவர், யாரையும் அதட்டிப் பேசி அவள் பார்த்ததில்லை. மூன்றாம் நாள் கூப்பிட்டனுப்பினார். அச்சுக்குப் போகும் பக்கத்தின் நகல் அவர் முன்னால் இருந்தது. மூன்று அர்த்தத்தையும் அவர் வெட்டவில்லை. ஒவ்வொன்றுக்கும் ஒரே ஓர் எடுத்துக்காட்டு வாக்கியம்.

“முதல் அர்த்தத்துக்கு இதை எடுத்திருக்கேன்மா” என்று பென்சிலால் காட்டினார். “சின்னதா, தெளிவா இருக்கு. பள்ளிக்கூடம் எங்க இருக்குங்கிறதை மட்டும் வெட்டிட்டேன். ‘எட்டாம் வகுப்புக் கணக்கு வாத்தியார் ஒரு தேசவிரோதி என்பதில் எங்களுக்குச் சந்தேகமே இல்லை.’ எப்படி?”

“இது மூணாவதுல வரலாமே சார்” என்றாள். குரல் சாதாரணமாகத்தான் வந்தது.

“எப்படிம்மா வரும்? எழுதினவர் மனசுல என்ன இருக்கோ அதுதான் அர்த்தம். அது நிஜமா பொய்யான்னு பார்க்கிறது நம்ம வேலை இல்லையே. நீங்கதானே புதுசா வர்றவங்களுக்கு இதைச் சொல்லிக் கொடுக்கிறீங்க? நம்பரும் நீங்க போட்டதுதான்.”

“ஆமா சார்.”

அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றிவிட்டு அவளைப் பார்த்தார். “ஏம்மா, ஒரு மாதிரி இருக்கீங்க? இந்த வாத்தியார் உங்களுக்குத் தெரிஞ்சவரா? சொல்லுங்க, வேற வாக்கியம் போட்டுக்கலாம். வாக்கியத்துக்கா பஞ்சம்?”

ஒரு வார்த்தை சொன்னால் போதும். என் தம்பி சார், அவ்வளவுதான். அதைக் கேட்டு அவர் வருத்தப்பட்டிருப்பாரே தவிர வேறொன்றும் செய்திருக்க மாட்டார். ஆனால் தம்பி என்று சொன்னால், சொந்தத் தம்பியைப் பற்றிய வரியைக் கையில் வைத்துக்கொண்டு கண் தெரியாமல் கத்தரித்து எண் போட்டாள் என்பதையும் சேர்த்தல்லவா சொல்ல வேண்டும்? பாலத்துக்குச் சிரித்தவர்கள் இதற்கு என்ன செய்வார்கள்? இதெல்லாம் அவள் பிறகு கண்டுபிடித்த காரணங்கள். அந்த நிமிடத்தில் அவள் மனதில் எதுவுமே இருக்கவில்லை.

“தெரியாது சார்” என்றாள். “நல்ல வாக்கியம்தான்.”

அவர் பக்கத்தின் கீழே கையெழுத்துப் போட்டார். அவளும் போட்டாள். மத்தியானமே பக்கம் அச்சகத்துக்குப் போய்விட்டது.

சாயங்காலம் வீட்டுக்கு வந்தபோது தம்பி முகம் கழுவி, தலை வாரி, சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்திருந்தான். அவன் முன்னால் நாலு பக்கப் படிவம். விசாரணைக்குத் தேதி குறித்துவிட்டார்களாம். அவனைப் பத்து வருடத்துக்கு மேல் நன்றாகத் தெரிந்த, அரசு வேலையில் இருக்கும் ஒருவரின் பெயரை எழுத வேண்டும். அவரைக் கூப்பிட்டு விசாரிப்பார்கள். தம்பி அக்காவின் பெயரை எழுதி வைத்திருந்தான். கரும்பலகையில் எழுதுவதுபோலத் தெளிவான எழுத்து.

“இங்க ஒரு கையெழுத்துப் போடுக்கா” என்று பேனாவை நீட்டினான்.

அவள் பையைக்கூடக் கீழே வைக்கவில்லை. “இன்னைக்கு என்கிட்ட கேட்டாங்கடா, உன்னைத் தெரியுமான்னு.”

“யாரு?”

“எங்க சார். தெரியாதுன்னு சொல்லிட்டேன்.”

பிறகு நின்ற இடத்திலேயே எல்லாவற்றையும் சொன்னாள். வியாழக்கிழமை, சீட்டு, சிவப்பு எண், இன்று அச்சுக்குப் போன பக்கம். ஒன்றையும் விடவில்லை, ஒன்றுக்கும் சமாதானம் சொல்லவில்லை. வேறு யாருக்கோ நடந்ததைச் சொல்வதுபோல் இருந்தது அவள் சொன்ன விதம். சொல்லும்போதாவது அழுகை வரும் என்று நினைத்தாள். அப்போதும் வரவில்லை. அவன் கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அவன் கத்தவில்லை. பேனாவை மூடி மேஜைமேல் வைத்தான்.

“அப்ப இதுல வேற யாரை எழுதறது?” என்றான்.

கோபத்தில் கேட்கவில்லை, நிஜமாகவே யோசித்தான். கூட வேலை பார்த்த ஆசிரியர்கள் போனை எடுப்பதில்லை. ஹெட்மாஸ்டர் முடியாது என்று முன்பே சொல்லிவிட்டார். அவள் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தாள்.

“என் பேரே இருக்கட்டும். கையெழுத்துப் போடறேன், குடு.”

அவன் படிவத்தை அவள் பக்கம் நகர்த்தினான். ஆனால் அதன்மேல் இருந்த கையை எடுக்கவில்லை.

“போடுக்கா. ஆனா அவங்க உன்னைக் கூப்பிட்டு வெச்சு, இவனை உனக்குத் தெரியுமான்னு கேட்டா, அன்னைக்கு என்ன சொல்லுவ?”

அவள் பதில் சொல்லத்தான் வாயைத் திறந்தாள். என்ன சொல்லுவாள் என்று அவளுக்கே தெரியவில்லை.